மாலை போட்ட அம்மா

உயிரோடு இருக்கிற ஒருத்தியின் மாலை போட்ட படத்தை வீட்டில் எந்தச் சுவரில் மாட்டுவது?

எனக்கு இன்னும் பதில் தெரியவில்லை. இறந்தவர்கள் படத்தைத் தெற்குச் சுவரில் மாட்டு என்று ஒருவர் சொல்கிறார், தெற்கைப் பார்த்து மாட்டு என்று இன்னொருவர் சொல்கிறார். சாமி படங்களோடு சேர்க்கக் கூடாது என்பதில் மட்டும் எல்லோருக்கும் ஒரே கருத்து. சாகாதவர்களுக்கு என்ன முறை என்று யாரும் சொல்லி வைக்கவில்லை. என் கணவரைக் கேட்டால், "வாடகை வீடு. ஆணி அடிக்கக் கூடாதுன்னு ஓனர் சொல்லிட்டாரு. அப்புறம் எந்தச் சுவரா இருந்தா என்ன?" என்கிறார். அதனால் இப்போதைக்கு நான் ஹாலில் ஃப்ரிட்ஜின் மேல் இருக்கிறேன். சந்தன மாலை போட்டுக்கொண்டு, பல் தெரியச் சிரித்துக்கொண்டு, மிக்ஸி ஜாருக்குப் பக்கத்தில்.

நான் தொலைக்காட்சித் தொடரில் நடிக்கிறவள். கதாநாயகி இல்லை. கதாநாயகியின் பாயசத்தில் எதையாவது கலந்துவிட்டுத் தூணுக்குப் பின்னால் நின்று புருவத்தைத் தூக்கும் இரண்டாவது மருமகள். வீடு மாடம்பாக்கத்தில். தாம்பரம் மார்க்கெட்டில் எனக்குக் கீரை விற்கும் அம்மா, "அந்தப் பொண்ணைப் படியிலேந்து தள்ளிட்டு, மொளக்கீரை கேக்குதா உனக்கு?" என்று திட்டிக்கொண்டேதான் கீரைக்கட்டைக் கையில் கொடுப்பார். "அது கதைம்மா" என்று சொல்ல ஒவ்வொரு முறையும் வாய் வரை வரும். பெரியவர்களை எதிர்த்துப் பேச வேண்டாமே என்று, "இனிமே தள்ள மாட்டேம்மா" என்று சொல்லிவிட்டு வருவேன்.

நிஜத்தில் நான் யாரையும் தள்ளக்கூடியவள் இல்லை. யாருக்கும் 'முடியாது' என்று சொல்லக்கூட வராது. பி.காம் படித்தேன், சொன்ன இடத்தில் கல்யாணம் செய்துகொண்டேன், குழந்தைக்குக் காய்ச்சல் வந்தால் தெர்மாமீட்டர் சரியாகக் காட்டுகிறதா என்று பார்க்க எனக்கும் வைத்துப் பார்ப்பேன். நடிப்பு ஒன்றுதான் நானாகத் தேர்ந்தெடுத்தது. அதில் கிடைப்பது பெரிய வருமானம் இல்லை, ஆனால் என்னுடையது. காலையில் வண்டி வந்து ஹாரன் அடித்ததும் பையை எடுத்துக்கொண்டு படி இறங்கும் அந்த ஒரு நிமிடம், நான் யாருக்கும் அம்மா இல்லை, மனைவி இல்லை, வெறும் வில்லி. அவ்வளவு நிம்மதியாக இருக்கும். உடனே, இப்படி நிம்மதியாக இருப்பது தப்போ என்றும் தோன்றும்.

கதைப்படி ஒருநாள் கதாநாயகி டம்ளரை மாற்றி வைத்தாள். என் பாயசத்தை நானே குடித்துச் செத்தேன்.

எங்கள் தொழிலில் ஒரு வழக்கம் உண்டு. செத்த மாதிரி நடித்தவரை உடனே எழுப்பி, கேமராவைப் பார்த்துச் சிரிக்கச் சொல்லி, ஒரு ஷாட் எடுத்துவிடுவார்கள். அந்த ஷாட் எங்கும் ஒளிபரப்பாகாது. செத்ததைக் கழிப்பதற்காக, அவ்வளவுதான். என் விஷயத்தில், நான் செத்து முடித்ததும் யாரோ "சாப்பாடு ரெடி" என்று கத்திவிட்டார்கள். எல்லோரும் என்னைத் தாண்டிக்கொண்டு ஓடினார்கள். தரையில் கிடந்தபடியே, "சார், சிரிப்பு ஷாட்?" என்றேன்.

"சாப்ட்டு வந்து சிரிச்சுக்கலாம் மேடம், சாம்பார் ஆறிடும்" என்றார் கேமராமேன்.

சாப்பிட்டுவிட்டு வந்து சிரித்தேன். ஆனால் சாம்பாருக்கு முன்னால் சிரித்தால்தான் செல்லுமா, பின்னால் சிரித்தாலும் செல்லுமா என்று அன்றைக்கு முழுவதும் மனது அடித்துக்கொண்டது.

அடுத்த நாள் காட்சிக்காகத்தான் அந்தப் படம். குடும்பமே என் படத்தின் முன்னால் நின்று, கொஞ்சம் அழுது, அதிகம் நிம்மதியடைந்தது. படப்பிடிப்பு முடிந்ததும் மேனேஜர் சார் படத்தை ஒரு துணிக்கடைப் பையில் போட்டு வீட்டுக்கே அனுப்பிவிட்டார். "செட்டுல இருந்தா உடைச்சிருவானுங்க மேடம். உங்க ஞாபகார்த்தமா வெச்சுக்குங்க" என்று போனில் சொன்னார். என் ஞாபகார்த்தமாக நான். வேண்டாம் என்று சொல்லத் தெரியாமல் "ரொம்ப தேங்க்ஸ் சார்" என்றேன்.

பையில் புடவை இருக்கும் என்று நினைத்துப் பிரித்தது எல்.கே.ஜி. படிக்கும் என் மகள்.

கோவிலம்பாக்கத்தில் என் கணவரின் அண்ணன் வீட்டு ஹாலில் என் மாமனாரின் படம் மாலையோடு இருக்கிறது. 'தாத்தா எப்ப வருவாரு' என்று இவள் ஒருநாள் கேட்டபோது, "மாலை போட்டாச்சில்ல கண்ணு, இனிமே வரமாட்டாரு" என்று அங்கே சொல்லியிருக்கிறார்கள். அவள் அதைப் பத்திரமாக வைத்திருந்தாள். என் படத்தைப் பார்த்தாள், என்னைப் பார்த்தாள், மறுபடி படத்தைப் பார்த்தாள். பிறகு என் நைட்டியைப் பிடித்தாள்.

அன்றிலிருந்து விடவில்லை. குளிக்கப் போனால் கதவுக்கு வெளியே உட்கார்ந்து, "அம்மா இருக்கியா?" என்பாள். "இருக்கேன்." தண்ணீர் விழும் சத்தம் நின்றால் மறுபடி, "இருக்கியா?" பள்ளிக்கூட வாசலில் அவளை என்னிடமிருந்து பிரிக்க மிஸ்ஸுக்கும் வாட்ச்மேனுக்கும் ஆளுக்கொரு கை தேவைப்பட்டது. சமாதானமாகச் சொல்லிப் பார்த்தேன். "அது நடிப்புடா செல்லம். அம்மா சும்மா செத்தேன்."

"தாத்தாவும் சும்மாவா?"

பால் பொங்குகிறது என்று சொல்லிவிட்டு அடுக்களைக்குப் போய்விட்டேன்.

இந்த நேரத்தில்தான் மேனேஜர் சார் அழைத்தார். புதுத் தொடர், அதே கம்பெனி. பொத்தேரி தாண்டி ஒரு பங்களாவில் படப்பிடிப்பு. எனக்கு வக்கீல் வேஷம். "லீட் ரோல் மேடம். பாயசமே கிடையாது. திங்கக்கிழமை ஆரம்பம். வெள்ளிக்கிழமைக்குள்ள உறுதியா சொல்லிடுங்க, இல்லேன்னா வேற ஆள் பாத்துடுவாங்க."

கதாநாயகி. அதுவும் கோட்டுப் போட்ட கதாநாயகி. நான் குளியலறைக்குள் போய்க் கதவைச் சாத்திக்கொண்டு சத்தமில்லாமல் குதித்தேன். "அம்மா, இருக்கியா?" என்றது வெளியே. குதிப்பதை நிறுத்தினேன். குளிக்கவே விடாத குழந்தை பொத்தேரிக்கு விடுமா?

படம்தானே பிரச்சினை என்று அதைப் பரணில் போட்டு, மேலே பழைய மெத்தையைச் சாத்தினேன். பள்ளியிலிருந்து வந்தவள் வீடு முழுக்கத் தேடிவிட்டு, "அந்த அம்மா எங்க?" என்று அழுதாள். அந்த அம்மா! பயப்படுகிறாள் என்று ஒளித்து வைத்தால், காணோம் என்று அழுகிறாள். ஸ்டூல் போட்டு ஏறி, தும்மிக்கொண்டே எடுத்து வந்தேன். அவள் அதைச் சோபாவில் சாய்த்து வைத்து, எதிரில் உட்கார்ந்து, தன் பிஸ்கட்டில் பாதியை அதன் வாயில் அழுத்தினாள். பிறகு என்னைத் திரும்பிப் பார்த்து ஒன்று சொன்னாள்.

"கடைக்குப் போகணும்னியே, போ. இந்த அம்மா இருக்காங்க."

"நான் போகட்டுமா?"

"நீ போவ. இவங்க மாலை போட்டவங்க. எங்கயும் போகமாட்டாங்க. தாத்தா பெரியப்பா வீட்லயேதான இருக்காரு?"

என் கணவர் அவளோடு இருந்தார். நான் தனியாகக் கடைக்குப் போனேன். யாரும் நைட்டியைப் பிடிக்கவில்லை. கொத்தமல்லி வாங்கினேன், வாங்கியும் திரும்பாமல் டீக்கடையில் நின்று ஒரு டீ குடித்தேன். சுதந்திரம் என்பதைப் பற்றி என்னிடம் யாராவது கேட்டால், அந்த டீயைத்தான் சொல்வேன். பாதி டீயில், குழந்தைக்கு என்னைவிட அந்தப் படத்தைப் பிடித்துவிட்டதோ என்று தோன்ற, மீதியை ஊதாமலே குடித்து நாக்கைச் சுட்டுக்கொண்டு வீட்டுக்கு ஓடினேன்.

மாலையை மட்டுமாவது கழற்றிவிடலாம் என்று பார்த்தேன். கூடாதாம். "மாலை இல்லேன்னா அது நீ. எழுந்து ஷூட்டிங் போயிடுவ." அவள் சொன்னதில் தப்புக் கண்டுபிடிக்க எனக்குத் தெரியவில்லை. படம் மாலையோடு ஃப்ரிட்ஜின் மேல் ஏறியது.

படத்திடம் முதலில் மாட்டிக்கொண்டவர் தண்ணீர் கேன் போடும் அண்ணன். நான் அடுக்களையில் இருந்தேன். என் கணவர் ஹாலில் லேப்டாப்போடு, வழக்கம்போல் உலகமே இடிந்துவிட்ட முகத்தோடு, ஆபீஸ் மீட்டிங்கில் இருந்தார். கேனைத் தோளில் சுமந்தபடி உள்ளே வந்த அண்ணனின் குரல் பாதியில் உடைந்தது.

"இன்னா சார் இது… முந்தாநேத்து கூட சிரிச்சுகினே பேசிச்சே சார். இன்னா சார் ஆச்சு?"

மீட்டிங்கில் இருந்த என் கணவர் காதிலிருந்து எதையும் கழற்றாமல், "பாயசம்" என்றார். சீரியலைப் பற்றிக் கேட்கிறார் என்று நினைத்தாராம்.

"பாயசத்துலயா! கொயந்த வேற கீதே சார்…"

யார் வந்திருக்கிறார்கள் என்று பார்க்கக் கரண்டியோடு வெளியே வந்தேன். அண்ணன் கேனைக் கீழே போட்டார். அது உருண்டு சோபாவுக்கு அடியில் போயிற்று.

"யக்கா! நீ கீறியா!"

"இருக்கேண்ணா."

"இருந்துகினே ஏன்க்கா மாலைய போட்டுகினு கீற? பேஜாரா கீதுக்கா இந்த வூடு!" என்று நெஞ்சைத் தடவிக்கொண்டார். நான் அவருக்கு மோர் கொடுத்து, முழுக் கதையையும் சொல்லி, இரண்டு முறை மன்னிப்புக் கேட்டேன். கிளம்பும்போது 'வரேன்' என்று சொல்லாமல் படி இறங்கிப் போனார். துக்க வீட்டில்தான் அப்படிச் சொல்லிக்கொள்ளாமல் போவார்கள். பழக்கதோஷமா, மோர் புளித்துவிட்டதா என்று எனக்கு இன்றுவரை குழப்பம்.

அடுத்தது பள்ளிக்கூடம். ஒருநாள் காலை எல்.கே.ஜி. மிஸ் என்னைப் பார்த்ததும் கைகூப்பினார். "குழந்தை சொல்லிச்சு மேடம். மாலை போட்டிருக்கீங்களாமே! அதான் முகத்துல ஒரு களை. எந்தக் கோயிலுக்கு?"

கோயிலுக்கு மாலை போட்டு விரதம் இருப்பதாக நினைத்துவிட்டார். இல்லை என்று சொல்லியிருக்கலாம். ஆனால் அவர் அவ்வளவு சந்தோஷமாகக் கைகூப்பி நிற்கும்போது, "இல்லை மிஸ், நான் செத்துப்போன மாலை" என்று எப்படிச் சொல்வது? "இன்னும் முடிவு பண்ணல மிஸ்" என்றேன். அவர் பார்வை என் செருப்புக்குப் போயிற்று. மறுநாளிலிருந்து வெறுங்காலோடு போனேன். அந்த வாரம் பள்ளியில் ஏதோ பிறந்தநாளுக்கு முட்டை பப்ஸ் கொடுத்தபோது, "மேடம் விரதம்" என்று மிஸ்ஸே என்னைக் காப்பாற்றினார். எனக்கு முட்டை பப்ஸ் மிகவும் பிடிக்கும்.

இதில் ஒரு நன்மையும் உண்டு, அதையும் சொல்ல வேண்டும். வெறுங்காலில் நடந்து, பப்ஸ் சாப்பிடாமல், சீக்கிரம் தூங்கி எழுந்ததில் எனக்கு முதுகு வலி போய்விட்டது. உண்மையான விரதமாக இருந்திருந்தால் புண்ணியமும் சேர்ந்திருக்கும்.

வியாழக்கிழமை என் மகளே எல்லாவற்றையும் உடைத்தாள். மிஸ் அவளிடம், "அம்மா எப்ப மாலையைக் கழட்டுவாங்க?" என்று கேட்டிருக்கிறார். "கழட்ட மாட்டாங்க மிஸ். செத்துட்டாங்கல்ல. மத்தியானம் வந்து என்னைக் கூட்டிட்டுப் போவாங்க." மத்தியானம் நான் போய் நின்றபோது மிஸ் கைகூப்பவில்லை. ஓர் எட்டுப் பின்னால் வைத்து என் பாதங்களைப் பார்த்தார், தரையில் படுகிறதா என்று. நல்லவேளை, வெறுங்கால். தெளிவாகவே தெரிந்தது.

எங்கள் மாடியில் ஒரு டீச்சர் இருக்கிறார். பள்ளியிலிருந்து ஓய்வு பெற்றுவிட்டார், ஆனால் டீச்சராக இருப்பதிலிருந்து ஓய்வு பெறவில்லை. ஞாயிற்றுக்கிழமை சர்ச்சுக்குப் போகும் வழியில் எங்கள் குடியிருப்பையே ஒரு பார்வையில் வருகைப்பதிவு எடுத்துவிடுவார். அவர்தான் முன்பே என்னிடம் சொல்லியிருந்தார்: "இத்தனை பேர் உன்னைப் பாக்கறாங்க. நீ ஏதாவது திருப்பிக் கொடுக்கணும்மா. நம்ம லேடீஸுக்கு ஏதாவது சொல்லிக் கொடு."

எனக்கு என்ன தெரியும்? விஷம் கலக்கத் தெரியும், புருவம் தூக்கத் தெரியும். பெண்களையே கேட்டோம். முதல் மாடியில் இருப்பவர் சொன்னார்: "சீரியல்ல நீங்க 'முடியாது'ன்னு ஒண்ணு சொல்வீங்களே, வீடே நடுங்குமே, அதைச் சொல்லிக் குடுங்க."

ஆக, யாரிடமும் முடியாது என்று சொல்லத் தெரியாத நான், வெள்ளிக்கிழமை காலை, என் ஹாலில், முடியாது என்று சொல்லும் வகுப்பு நடத்தினேன். டீச்சர் முன்வரிசையில் மூக்குக்கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டு உட்கார்ந்தார். நிமிர்ந்ததும் ஃப்ரிட்ஜ் தெரிந்தது.

"கர்த்தரே!" என்றார். பிறகு என்னைப் பார்த்தார். "சரி, ரெண்டு பேர் இருக்கீங்க. யாரைப் பாத்து 'முடியாது' சொல்லணும்?"

"படத்தையே பாத்துச் சொல்லலாம் டீச்சர். திருப்பிப் பேசாது."

பெண்கள் வரிசையாக எழுந்து படத்தின் முன்னால் நின்றார்கள். முதல் மாடிக்காரர், "முடியாதுங்க… பரவாயில்லைங்களா?" என்றார். "'பரவாயில்லைங்களா' வேண்டாம்" என்றேன். டீச்சர் எழுந்தார். "முடியாது!" ஃப்ரிட்ஜின் மேல் மிக்ஸி ஜார் அதிர்ந்தது. அன்றைக்கு லீவில் இருந்த என் மகள் உள்ளறையிலிருந்து ஓடி வந்து, கையை விரித்துக்கொண்டு நடுவில் நின்றாள். "எங்கம்மாவைத் திட்டாதீங்க!"

எல்லோரும் என்னைப் பார்த்தார்கள். அவள் என்னைச் சொல்லவில்லை.

அந்த நேரம் பார்த்து என் போன் அடித்தது. மேனேஜர் சார். ஸ்பீக்கரில் போடச் சொல்லி டீச்சர் கையைக் காட்டினார். டீச்சர் சொன்னால் எப்படிப் போடாமல் இருப்பது?

"மேடம், வெள்ளிக்கிழமை ஆச்சே, ஓகேதான? ஒரு சின்ன மாற்றம். இப்ப ட்வின்ஸ் ஆக்கிட்டாங்க. அக்கா செத்துடறாங்க, தங்கச்சி வக்கீல். அதனால முதல் சீன்லயே உங்க படம் மாலையோட வேணும். நம்ம பழைய படம் உங்க வீட்டுலதான இருக்கு? திங்கக்கிழமை வரும்போது கையோட எடுத்துட்டு வந்துடுங்க. தொடர் ஓடற வரைக்கும் செட்டுலயே இருக்கட்டும்."

படத்தை எடுத்துப் போனால் மகள் என்னை விடமாட்டாள். விடாவிட்டால் வேஷம் இல்லை. படத்தை எடுக்காவிட்டால் மேனேஜர் சார் கோபித்துக்கொள்வார். என் மகள் ஃப்ரிட்ஜை அணைத்துக்கொண்டு நின்றாள். டீச்சர் கண்ணாடிக்கு மேலாக என்னைப் பார்த்தார். அதே பார்வையில்தான் அவர் பள்ளியில் வாய்ப்பாடு ஒப்பிக்கச் சொல்லியிருப்பார்.

வாயைத் திறந்தேன். "பாக்கறேன் சார்" வரும் என்று எனக்கே தெரியும். ஆனால் என்னையறியாமல் வலது புருவம் மேலே போயிற்று. புருவம் போனால் குரலும் போய்விடும், மூன்று வருடப் பழக்கம்.

"முடியாது."

மேனேஜர் சார் சொன்னார்: "அய்யோ, சூப்பர் மேடம்! கோர்ட் சீன்ல இதே டோன் வேணும்னு டைரக்டர் சொல்லிட்டிருந்தாரு. மறந்துடாதீங்க!" வைத்துவிட்டார்.

பெண்கள் கைதட்டினார்கள். முதல் முறையாக ஒருவரிடம் முடியாது என்றேன், அவர் அதை நடிப்பு என்று எடுத்துக்கொண்டார். டீச்சர்தான் என் போனை வாங்கி, திரும்ப அழைத்து, "அது நடிப்பு இல்ல தம்பி. படம் வராது. அவ வருவா" என்று சொல்லி முடித்தார். புதுப் படம் எடுத்துக்கொள்வதாக அவர்களும் ஒப்புக்கொண்டார்கள். அதை மட்டும் வீட்டுக்கு அனுப்ப வேண்டாம் என்று நானே சொன்னேன், டீச்சர் பக்கத்தில் நின்றதால்.

திங்கட்கிழமை காலை வண்டி ஹாரன் அடித்தது. மகள் படியருகே வந்தாள். நைட்டியைப் பிடிக்க வழியில்லை, நான் புடவையில் இருந்தேன். முந்தானையையும் பிடிக்கவில்லை. "போயிட்டு வரேன்னு சொல்லு" என்றாள். சொன்னேன். "இப்ப சிரி." சாம்பார் கதையை அவளிடம் எப்போதோ சொல்லியிருக்கிறேன். சிரித்தேன். கொஞ்சம் கண்ணீரும் வந்தது, கிளிசரின் இல்லாமல். "கட்" என்று சொல்லிவிட்டு, பிஸ்கட் பொட்டலத்தோடு ஃப்ரிட்ஜுக்குப் போனாள்.

மாலையில் நான் வந்ததும், அந்த அம்மா ரொம்பச் சமர்த்து என்றும், நான் பரவாயில்லை என்றும் தெரிவித்தாள்.

இப்போது உங்களிடம்தான் கேட்க வேண்டியிருக்கிறது. வருகிற ஆட்களெல்லாம் கேனைக் கீழே போடாமல், ஓனர் கோபிக்காமல், ஆணியும் அடிக்காமல் இந்தப் படத்தை எங்கே வைப்பது? குழந்தை இதை எந்த வயதில் மறக்கும்? மறந்த பிறகு அதை என்ன செய்வது? உயிரோடு இருக்கிற என்னை நானே குப்பையில் போடலாமா? அனுபவம் உள்ளவர்கள் யாராவது இருப்பீர்கள் என்று நம்புகிறேன். எப்படி இருப்பீர்கள் என்று தெரியவில்லை, ஆனாலும் நம்புகிறேன்.

கொஞ்சம் அவசரம். என் கணவரை ஆபீஸில் அடுத்த வாரம் பெங்களூருக்கு அனுப்புகிறார்கள். அப்பா ஊருக்குப் போவதில் தனக்கு ஆட்சேபணை இல்லை, ஆனால் அதற்கு முன்னால் அப்பாவுக்கும் ஒரு மாலை போட்ட படம் வேண்டும் என்று மகள் சொல்லிவிட்டாள். அவர் சாப்பிடாமல் உட்கார்ந்திருக்கிறார். முடியாது என்று அவளிடம் சொல்லச் சொல்கிறார் என்னிடம். தயவுசெய்து சீக்கிரம் ஏதாவது சொல்லுங்கள்.